நாலு குச்சி, நாலும் நெகட்டிவ்

கண்ணாடிக்கு அந்தப் பக்கம் கிடந்த குழந்தை இருமவே இல்லை. அதுதான் சுடர்விழிக்குப் பயமாக இருந்தது.

போலீஸ் வேலையை விட்டுவிட்டுத் தனியாகத் துப்பறிய வந்தவள் அவள். அரிவாளோடு எதிரே நின்றவனிடம் பேச்சுக் கொடுத்து உட்கார வைத்திருக்கிறாள். அப்போதெல்லாம் இப்படிப் பயந்ததில்லை. உள்ளே இருந்தவனுக்கு இன்னும் பேர்கூட வைக்கவில்லை. சீராக மூச்சு விட்டுக்கொண்டிருந்தவன் திடீரென்று நிறுத்தினான். உதடு நீலமானது. மானிட்டர் அலறியது. நர்ஸ் ஓடிவந்து உள்ளங்காலைச் சுண்டினாள். முகத்தில் மாஸ்க்கை வைத்து அழுத்தினாள். போனால் போகிறது என்பதுபோல மூச்சு திரும்பி வந்தது.

"இப்படி எத்தனை தடவை?"

"எண்றதை விட்டுட்டேன்" என்றாள் டாக்டர் ஜஸீலா. தஞ்சாவூரில் அந்தக் குழந்தைகள் ஆஸ்பத்திரியை நடத்துகிறவள்; பள்ளிக்கூடத்தில் சுடர்விழியோடு ஒரே பெஞ்ச். "கக்குவான்டி. பெரிய பிள்ளைங்கன்னா இருமி இருமிக் கூவும். இந்த வயசுல இருமறதுக்குக்கூடத் தெம்பு கிடையாது. மூச்சு அப்படியே நின்னுடும்."

சுடர்விழிக்குப் பின்னால் பக்கிரி நின்றிருந்தான். அவளுடைய உதவியாளன், டிரைவர், சமயத்தில் தலைவலி. "நான் சின்ன வயசுல கழுதைப் பால் குடிச்சவன் மேடம். நமக்கெல்லாம் கக்குவான் வராது."

"கழுதையோட குரல் மட்டும்தான் வந்துச்சு போல. பேசாம நில்லு."

ஜஸீலாவுக்குச் சிரிப்பு வரவில்லை. "பிறந்ததுலேருந்து இந்தப் பிள்ளை வீட்டு வாசப்படி தாண்டலை. அப்படின்னா யாரோ வீட்டுக்குள்ள கொண்டுவந்து கொடுத்திருக்காங்க. அப்பா ஷார்ஜாவுல. நீடாமங்கலத்துக்கு அந்தாண்ட கிராமம். வீட்டுல இருமினது நாலே பேர். தாயார் மாலதி, மாமனார் வைரக்கண்ணு, நாத்தனார் அம்சம், கொழுந்தன் புகழேந்தி. மாலதி குளிச்சிட்டு வர்றேன்னு வீட்டுக்குப் போன அன்னிக்கே லேப் பையனை அனுப்பி நாலு பேருக்கும் குச்சி விட்டுச் சளி எடுத்தேன். நாலும் நெகட்டிவ்."

"டெஸ்ட் தப்பா இருந்தா?"

"இந்தப் பிள்ளைக்குக் கக்குவான்னு சொன்னதும் அதே லேப், அதே மெஷின். எடுத்த விதத்துல ஏதோ கோளாறு. லேப் பையன் புதுசு. ஒழுங்கா எடுத்தேன்னு சத்தியம் பண்றான்." அவள் குரல் இறங்கியது. "சுகாதாரத் துறைக்குச் சொல்லியாச்சு, வருவாங்க. ஆனா அந்தப் புகழேந்தியோட மனைவிக்கு மன்னார்குடியில, அம்மா வீட்டுல, பிள்ளை பிறந்திருக்கு. இன்னிக்குச் சாயங்காலம் தூக்கிப் பார்க்கப் போறானாம். எல்லாருக்கும் மாத்திரை கொடுத்து அனுப்பினேன். நெகட்டிவ்னு சேதி போன பிறகு எவன் முழுங்கியிருப்பான்?"

இன்னொரு குழந்தை. இதைவிடச் சின்னது. சுடர்விழி மறுபடி கண்ணாடியைப் பார்க்கவில்லை. பார்த்தால் கால் நகராது என்று தோன்றியது.

தாய்மார் ஹால் பக்கத்திலேயே இருந்தது. தேறிய குழந்தைகளை மடியில் வைத்துக்கொண்டு சிலர், கண்ணாடிக்குள் விட்டுவிட்டு வெறும் மடியோடு சிலர். மாலதி வெறும் மடிக்காரி. மாஸ்க்குக்கு மேல் முந்தானையை வேறு அழுத்திப் பிடித்திருந்தாள். கண் இரண்டும் கோவைப் பழமாகச் சிவந்திருந்தது.

"இருமல் எப்படிம்மா இருக்கு?" என்று கேட்டாள் சுடர்விழி.

"அது அப்பவே நின்னுபோச்சுங்க."

"லேப் தம்பி ஒழுங்கா எடுத்தாரா?"

"எடுத்தாருங்க. வாயைத் தொறந்து ஆ-ன்னு சொல்லச் சொன்னாரு. குச்சி தொண்டையில பட்டதும் குமட்டுச்சு. வேற ஒண்ணுமில்லீங்க." சொல்லி முடிப்பதற்குள் மாலதி எழுந்து வாயைப் பொத்திக்கொண்டு பாத்ரூமுக்கு ஓடினாள். கதவைச் சாத்தினாள். குழாயைத் திறந்துவிட்ட சத்தம் கேட்டது.

பக்கத்தில் உட்கார்ந்திருந்த பெண் உச்சுக் கொட்டினாள். நாகப்பட்டினத்து மர்யம். குறைப்பிரசவத்தில் பிறந்த மகனை எடை ஏற்றி, மறுநாள் வீட்டுக்குக் கொண்டுபோகப் போகிறவள். "எந்நேரமும் அழுகைதாங்க. உள்ள போயி அழுதுட்டு வாந்தியெடுத்துட்டு வர்றாங்க. பாவம், பெத்த வயிறுல்ல."

சுடர்விழிக்கும் பாவமாகத்தான் இருந்தது. அவள் வந்த வேலை வேறு. யாருடைய மூக்கில் குச்சி சரியாகப் போகவில்லை என்று கண்டுபிடிக்க வேண்டும், அதுவும் சாயங்காலத்துக்குள்.

*

சம்பா அறுவடை. ரோட்டில் பாதியை நெல் எடுத்துக்கொண்டிருந்தது. அறுவடை மெஷின் ஓடுகிற வயல் ஒவ்வொன்றிலிருந்தும் தூசி எழும்பி வந்து காருக்குள் உட்கார்ந்தது.

"இந்த மாசத்துல இங்க இருமாதவன் யாரு மேடம்?" என்றான் பக்கிரி. "தை பொறந்தா வழி பொறக்குதோ இல்லையோ, சளி பொறந்துடும். அதுல ஒரு இருமலைத் தேடறோம். வைக்கோல் போர்ல ஊசி விழுந்த கதை."

"ஊசி யாரையும் கொல்லாது பக்கிரி. ரோட்டைப் பாரு."

அவன் ரோட்டைப் பார்த்தான்.

வீட்டுக்கு முன்னால் களத்தில் நெல் குவியல். வைரக்கண்ணு அதைத் தார்ப்பாயால் மூடிக்கொண்டிருந்தார். பேரன் பேச்சை எடுத்ததும் கை நின்றுவிட்டது. "பொழைச்சுக்குவானாம்மா?" என்று கேட்டார். சுடர்விழி, "பார்த்துக்கிட்டிருக்காங்க ஐயா" என்று மட்டும் சொன்னாள். குச்சியைப் பற்றிக் கேட்டதும்தான் அவருக்குக் குரல் வந்தது.

"அதை ஏம்மா கேக்கறே! மூக்குல விட்டான் பாரு, பொடனி வரைக்கும் போயிடுச்சு. விட்டவன் சும்மாவா இருந்தான், சுத்திச் சுத்தித் துழாவறான். நம்ம வாய்க்காலை எந்த கான்ட்ராக்டரும் இம்புட்டு ஆழமாத் தூர் வாரினது கிடையாது."

"ஒழுங்கா எடுத்திருக்கான்" என்றான் பக்கிரி, சுடர்விழியின் காதோரமாக. "பில்லுதான் பாக்கி."

புகழேந்தி வெளியே கிளம்பத் தயாராக இருந்தான். பைக் ஹேண்டிலில் ஒரு பை தொங்கியது; அதிலிருந்து கொசுவலைக் குடையின் காம்பு நீட்டிக்கொண்டிருந்தது. அவன் பேசுவதற்கு முன்னால் இருமினான். குனிந்து, முழங்காலில் கையை ஊன்றி, நிற்காமல் இருமினான். பக்கிரி தானாகவே இரண்டடி பின்னால் போனான். கழுதைப் பால்மேல் அவனுக்கு இருந்த நம்பிக்கை அவ்வளவுதான்.

"மாத்திரை சாப்பிட்டீங்களா?"

"அதான் நெகட்டிவ்னு சொல்லிட்டாங்களே. எதுக்கு மாத்திரை?"

"டெஸ்ட் எப்படி எடுத்தாங்க?"

"மூக்குலதான். எடது மூக்கு. எடது கண்ணுலேருந்து மட்டும் பொலபொலன்னு தண்ணி. என்னங்க, விசாரணையா? வழி விடுங்க, மன்னார்குடிக்கு நேரமாச்சு."

சுடர்விழி கண் காட்டினாள். பக்கிரி பைக் சாவியை உருவிப் பாக்கெட்டில் போட்டுக்கொண்டான்.

"யோவ்!" புகழேந்தி பாய்ந்தான். பாதி வழியிலேயே அவன் முகம் உடைந்தது. "என் புள்ளைய நான் இன்னும் தூக்கவே இல்லைங்க. போன்லதான் பார்த்திருக்கேன்."

"தூக்கலாம். இன்னிக்கு வேண்டாம்." அதைச் சொல்ல அவளுக்கே கஷ்டமாக இருந்தது. இவனாக இருக்குமோ? சந்தேகப்பட எல்லாம் பொருத்தமாக இருந்தது, ஒன்றைத் தவிர. குச்சி இவன் மூக்கில் நன்றாகத்தான் போயிருக்கிறது. கண்ணில் தண்ணீர் வந்ததை இட்டுக்கட்டிச் சொல்கிறவன் ஒரு கண்ணில் மட்டும் என்று சொல்ல மாட்டான்.

அப்போது அம்சம் உள்ளேயிருந்து தண்ணீர்ச் செம்போடு வந்தாள். வாட்டசாட்டமான பெண். கூடத்தில் இருந்த மாலதியின் மூத்த மகளை அதட்டி உள்ளே அனுப்பிவிட்டு வந்தாள். மூக்கு நுனி சிவந்து தோல் உரிந்திருந்தது.

"உங்களுக்கும் எரிச்சலாங்க?" என்று பேச்சை ஆரம்பித்தாள் சுடர்விழி.

"எரிச்சல்னா எரிச்சல், அப்படியொரு எரிச்சலுங்க. ரெண்டு மூக்கும் வெந்துபோச்சு. சளி சிந்தக்கூட முடியல."

"ரெண்டு மூக்குமா?"

அம்சம் செம்பை நீட்டாமல் தன் பக்கம் இழுத்துக்கொண்டாள். "ஆமாங்க. ரெண்டும்தான்."

பக்கிரி வாயைத் திறந்தான். "மத்தவங்களுக்கு ஒண்ணு, உங்களுக்கு மட்டும் ஒண்ணு வாங்கினா ஒண்ணு இலவசமா?"

வழக்கம்போல உளறல்தான். ஆனால் சுடர்விழி அவனைத் திட்டவில்லை. களத்துப் பக்கம் நடந்துபோய் ஜஸீலாவுக்குப் போன் போட்டாள்.

"ஒரு ஆளுக்கு எத்தனை குச்சி?"

"ஒண்ணு. ஒரு மூக்கு போதும். ஏன்?"

"தொண்டையில எடுப்பீங்களா?"

"கக்குவானுக்கா? தொண்டைக்குப் போகவே வேண்டாம்னு பையன்கிட்ட சொல்லித்தான் அனுப்பினேன். அந்தக் கிருமி மூக்குக்குப் பின்னாடி, ஆழத்துல ஒட்டிக்கிட்டிருக்கும். தொண்டை, மூக்கு ரெண்டுலயும் எடுத்தது கொரோனாவுக்குடி. யாரு தொண்டைன்னு சொன்னது?"

மாலதி சொன்னது சுடர்விழியின் மனதில் வந்தது. வாயைத் தொறந்து ஆ-ன்னு சொல்லச் சொன்னாரு. குச்சியே படாத ஒருத்தி, பழைய டெஸ்ட்டை ஞாபகம் வைத்துக்கொண்டு சொன்ன கதை அது.

"ஜஸீ, கவனமாக் கேளு. அந்த மாலதி—"

போனில் மானிட்டர் அலறுவது கேட்டது. "இருடி, அவனுக்கு மறுபடியும்..." லைன் அறுந்தது.

*

அம்சத்தை அதட்ட வேண்டியிருக்கவில்லை. சுடர்விழி திரும்பி வந்து நின்ற விதத்திலேயே அவள் அழத் தொடங்கிவிட்டாள்.

"மாலதிக்குப் பதிலா நீங்கதான் குச்சி விட்டுக்கிட்டீங்க. எப்படி? அந்தப் பையனுக்குக் கண்ணு தெரியாதா?"

"பிள்ளை பெத்தவ ரூம்ல எவன் உத்துப் பார்ப்பான்?" அம்சம் முந்தானையால் மூக்கைத் துடைத்து, எரிச்சலில் முகம் சுளித்தாள். "தலையில துண்டைக் கட்டி, காதுல பஞ்சை வச்சுக்கிட்டு, சன்னலைச் சாத்திட்டுப் படுத்துக்கிட்டேன். முதல்ல வாசல்ல எனக்கு எடுத்தாரு. அப்பாவுக்கும் தம்பிக்கும் எடுத்து முடிக்கறதுக்குள்ள பின்பக்கமா ஓடிப்போய்ப் படுத்துட்டேன். அந்தத் தம்பி தலைமாட்டுல குனிஞ்சு, பச்சை உடம்புன்னு ரொம்ப மரியாதையா, அடுத்த மூக்குல எடுத்துட்டுப் போயிட்டாரு. மாலதி பரண் மேல உக்காந்திருந்தா."

"ஏம்மா இப்படிச் செஞ்சே?" வைரக்கண்ணுதான் கேட்டார். அவருக்கே இப்போதுதான் தெரிகிறது.

"நடவுக்கு ஒருத்தி வர முடியலைன்னா வீட்டுலேருந்து மாத்தாளு போறதில்லையாப்பா? அப்படித்தான் நினைச்சேன். பெரியவ பொறந்தப்ப கொரோனான்னு சொல்லி இவளைத் தனியா அடைச்சாங்கல்ல? புள்ளையக் கண்ணுல காட்டாம, பாலு வத்திப்போயி, சொவத்துல முட்டிக்கிட்டா. இந்த டெஸ்ட்டுலயும் வந்துடுச்சுன்னா மறுபடியும் பிரிச்சிடுவாங்கன்னு என் காலைப் பிடிச்சா. எந்த நாத்தனார் காலை எந்தப் பொண்ணு பிடிச்சிருக்கா? எனக்கு மனசு கேக்கல."

"இருமல் அவங்களுக்கு நின்னுடுச்சா?"

"எங்க நின்னுச்சு? வீட்டுலேயே முதல்ல இருமினவ அவதான். துணியை வாயில திணிச்சுக்குவா. மாத்திரையும் சாப்பிடல. பால்ல இறங்கிப் பிள்ளைக்கு ஆகாதுன்னு பயம்."

பக்கிரி பெருமூச்சு விட்டான். "சரி மேடம். அவங்க பிள்ளைக்குத்தான் ஏற்கெனவே வந்தாச்சே. இனிமே புதுசா என்ன கெட்டுப்போகப் போகுது?"

"அந்த ஹால்ல மடியில எத்தனை குழந்தை பார்த்தே?"

பக்கிரியின் முகத்திலிருந்து விளையாட்டு போய்விட்டது. அவன் பைக் சாவியை எடுத்துப் புகழேந்தியிடம் நீட்டினான். புகழேந்தி வாங்கவில்லை. "நீங்களே வச்சுக்கங்க" என்று சொல்லிவிட்டு, மாத்திரை அட்டையைத் தேடி உள்ளே போனான்.

நீடாமங்கலம் ரயில்வே கேட் சாத்தியிருந்தது. எப்போது திறந்திருந்தது? நெல் மூட்டை ஏற்றிய சரக்கு ரயில் ஒன்று முன்னால் போய், நின்று, யோசித்து, பின்னால் வந்தது. இந்தப் பக்கம் பஸ், அந்தப் பக்கம் டிராக்டர். ஜஸீலா போனை எடுக்கவில்லை. பக்கிரி ஆஸ்பத்திரி நம்பரை ஸ்பீக்கரில் போட்டான். தமிழுக்கு ஒன்றை அழுத்தச் சொன்னது. அழுத்தினான். பிறகு பாட்டு ஓடியது, ஓடிக்கொண்டே இருந்தது. அவன் ஸ்டியரிங்கைக் கெட்டியாகப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தான். வைத்துவிட்டு மறுபடி போட்டான்.

நாமெல்லாம் கண்ணாடிக்கு உள்ளே இருந்ததைப் பார்த்துப் பயந்துகொண்டிருந்தோம், கக்குவான் வெளியே பெஞ்சில் உட்கார்ந்திருந்தது என்று நினைத்துக்கொண்டாள். எதிரிலேயே நின்று பேசி, பாவம் என்று நினைத்துவிட்டு வந்திருந்தாள்.

*

லிஃப்டுக்குக் காத்திராமல் படியில் ஓடினார்கள். ஹால் வாசலில் சுடர்விழி மாஸ்க்கைச் சரிசெய்துகொண்டு உள்ளே நுழைந்தாள்.

மாலதி ஜன்னல் ஓரமாக நின்றிருந்தாள். முன்பு வெறுமையாக இருந்த கையில் இப்போது ஒரு குழந்தை. பச்சைத் துண்டில் சுற்றித் தோளில் சாய்த்து, முதுகைத் தட்டிக்கொண்டிருந்தாள். மாஸ்க் தாடைக்கு இறங்கியிருந்தது. குழந்தையின் தலை அவள் கழுத்தடியில், அவள் மூச்சு படுகிற இடத்தில் இருந்தது.

"மர்யம் பையன்" என்றாள் மாலதி மெதுவாக. "டீ குடிக்கப் போயிருக்கா. இப்பத்தான் தூங்கினான்."

கத்தக் கூடாது என்று சுடர்விழி தனக்குத்தானே சொல்லிக்கொண்டாள். கத்தினால் இவள் மூச்சை இழுப்பாள், இழுத்தால் இருமுவாள். "குழந்தையை என்கிட்ட கொடுங்கம்மா."

மாலதி அவள் கண்களைப் பார்த்தாள். "அம்சம் அண்ணி சொல்லிட்டாங்களா?"

"கொடுங்க."

தட்டிக்கொண்டிருந்த கை நின்றது. மாலதியின் கழுத்து நரம்பு புடைத்தது. உதட்டை உள்ளே மடித்துக் கடித்தாள். முகம் சிவந்து, கண் பிதுங்கி, மார்பு குலுங்கியது. அவள் மூச்சை அடக்கிக்கொண்டிருந்தாள். இன்னும் ஒரு நொடிதான் தாங்கும். சுடர்விழி பாய்ந்து குழந்தையைப் பிடுங்கினாள். மாலதி சுவர்ப் பக்கம் திரும்பி முந்தானையில் முகத்தைப் புதைத்தாள்.

அடக்கி வைத்ததெல்லாம் ஒன்றாக வெளியே வந்தது. இருமல்மேல் இருமல், நடுவில் மூச்சுக்கு இடமே இல்லாமல். கடைசியில் காற்றை உள்ளே இழுத்தபோது ஒரு கூவல் கேட்டது. ஹாலில் இருந்த அம்மாக்கள் அவரவர் பிள்ளையை மார்போடு அணைத்துக்கொண்டு எழுந்து நின்றார்கள்.

உள்ளே மாலதியின் பிள்ளைக்கு மூச்சு திரும்பியிருந்தது; சத்தம் கேட்டு ஜஸீலா ஓடிவந்தாள். பார்த்த மாத்திரத்தில் அவளுக்குப் புரிந்துவிட்டது. எல்லாரையும் குழந்தைகளோடு கீழ் மாடிக்கு அனுப்பச் சொன்னாள். யாரும் வீட்டுக்குப் போகக் கூடாது, அத்தனை குழந்தைக்கும் இப்போதே மருந்து தொடங்க வேண்டும் என்று நர்ஸிடம் சொன்னாள். மர்யத்தின் மகனைச் சுடர்விழியிடமிருந்து தானே வாங்கி மார்பில் ஸ்டெத்தை வைத்துக் கேட்டாள். "இப்ப ஒண்ணும் தெரியாது. பார்த்துக்கிட்டே இருக்கணும்" என்றாள்.

மாலதி சுவரோரமாக உட்கார்ந்துவிட்டாள். "என்னைப் பிரிச்சிடாதீங்க டாக்டரம்மா. காலுல விழறேன்."

ஜஸீலாவுக்குக் கோபம்தான் முதலில் வந்தது. ஆனால் அவள் பேசும்போது கோபம் இல்லை. "பைத்தியக்காரி. உன் பிள்ளைக்கு ஏற்கெனவே வந்தாச்சு. உன்னை அவன்கிட்டேருந்து பிரிச்சு நான் என்ன பண்ணப் போறேன்? வாயைத் திறந்து சொல்லியிருந்தா மாத்திரையைக் கொடுத்து, மாஸ்க்கைக் கட்டி, கண்ணாடிக்கு உள்ளேயே அவன் பக்கத்துல உக்கார வச்சிருப்பேன். நீ நெகட்டிவ், உள்ள போனா உனக்கு ஒட்டி மத்த பிள்ளைங்களுக்குப் போயிடும்னுதானே உன்னை வெளியில வச்சேன்?"

மாலதிக்கு அது புரியக் கொஞ்ச நேரம் ஆனது. இத்தனை நாளும் பக்கத்திலேயே இருந்திருக்கலாம். மூச்சு நிற்கும்போதெல்லாம் அந்த உள்ளங்காலை அவளே தொட்டிருக்கலாம். அவள் அழவில்லை. கண்ணாடிப் பக்கமே பார்த்துக்கொண்டிருந்தாள்.

படியில் செருப்புச் சத்தம் கேட்டது. மர்யம் இரண்டு கையிலும் இரண்டு டீக் கோப்பையோடு வந்தாள். காலியான ஹாலையும் டாக்டர் கையில் இருந்த பச்சைத் துண்டையும் பார்த்து வாசலிலேயே நின்றாள். "உனக்கும் சேர்த்துதான் வாங்கினேன்க்கா. எல்லாரும் எங்க? எம்புள்ளைக்கு என்ன?"

ஜஸீலா முன்னால் போனாள். "நான் சொல்றேன்" என்று மாலதி எழுந்தாள். தாடையில் கிடந்த மாஸ்க்கை ஏற்றிக் கட்டிக்கொண்டு, கிட்டே போகாமல், சுவரோரமாகவே நின்று சொன்னாள். தனக்குத்தான் கக்குவான் என்று சொன்னாள். தெரிந்தே மறைத்ததைச் சொன்னாள். பிள்ளையைத் தொட்டிருக்கக் கூடாது என்று சொன்னாள்.

மர்யம் கடைசி வரை கேட்டாள். டீக் கோப்பை இரண்டையும் தரையில் வைத்தாள்.

"நேத்து நான் அசந்து தூங்கிட்டேன்னு ராத்திரி பூரா மடியில வச்சிருந்தியே" என்றாள். "அப்பவும் உனக்குத் தெரியுமாக்கா?"

மாலதி ஆமென்று தலையாட்டினாள்.